கடலுக்கு ஒரு பரண்



போர் வரலாற்றைப் படிக்கும்போது வெற்றி பெற்ற தளபதிகளின் பெயர்களும், வீழ்ந்த கோட்டைகளின் பெயர்களும், மடிந்தோரின் தொகையுமே நம் நெஞ்சில் பதிகின்றன. தேர்வுத்தாளும் பெரும்பாலும் அவற்றையே கேட்கிறது. இன்று நான் எடுத்துக்கொண்ட பொருள் சற்று வேறுபட்டது. நாள்தோறும் பதினாறு மணி நேரம் கடல்மீது பறந்து, ஒன்றையும் காணாமல், ஒரு குண்டும் வீசாமல் திரும்பி வந்தவர்களின் கதை இது. அவர்கள் என்ன சாதித்தார்கள் என்று கேட்பீர்கள். அதற்கு விடை காண்பதே இப்பேச்சின் நோக்கம்.

பிரிட்டன் ஒரு தீவு நாடு. 1939இல் இரண்டாம் உலகப் போர் மூண்டபோது, அந்நாட்டு மக்கள் உண்ட உணவிற் பாதிக்கு மேற்பட்டது கடல் கடந்தே வந்தது. எண்ணெயோ ஏறத்தாழ முழுவதும் வெளிநாட்டு எண்ணெய். கப்பல்கள் வாராவிடில் அடுப்பும் எரியாது, ஆலையும் ஓடாது. இதனை ஜெர்மனி நன்கு அறிந்திருந்தது. எனவே அட்லாண்டிக் மாகடலில் வணிகக் கப்பல்களை மூழ்கடிக்க நீர்மூழ்கிக் கப்பல்களை ஏவியது.

இம்முறை புதியதன்று. முதல் உலகப் போரிலும் 1917 பிப்ரவரி முதல் நாளிலிருந்து எவ்விதக் கட்டுப்பாடுமின்றி இத்தகைய தாக்குதல் நடந்தது. அவ்வாண்டு ஏப்ரல் மாதத்தில் மட்டும் 8 லட்சத்து 50 ஆயிரம் டன்னுக்கு மேற்பட்ட கப்பல்கள் அழிந்தன. அப்போதுதான் கப்பல்களைத் தனித்தனியே விடாது கூட்டமாகச் சேர்த்துப் போர்க்கப்பல் காவலுடன் அனுப்பும் முறை மீண்டும் கைக்கொள்ளப்பட்டது. அதே காலத்தில் இங்கிலாந்தின் கிழக்குக் கரையில் உள்ள ஃபெலிக்ஸ்டோ என்னும் இடத்திலிருந்து பறக்கும் படகுகள் புறப்படலாயின. நீரிலேயே இறங்கி நீரிலிருந்தே எழும் விமானங்களுக்கு அப்பெயர். கடல் நடுவே நின்ற ஒரு விளக்குக் கப்பலை மையமாகக் கொண்டு எட்டு ஆரங்களையும் அவற்றை இணைக்கும் கோடுகளையும் வரைந்து, அக்கோடுகளின் வழியே முறைவைத்துப் பறந்தனர். வரைபடத்தில் அது சிலந்தி வலை போலத் தோன்றியதால், அம்முறைக்குச் ‘சிலந்தி வலை’ என்றே பெயர் வழங்கிற்று.

போர் முடிந்தபின் கணக்குப் பார்த்தவர்கள் விமானங்கள் தாமாக மூழ்கடித்த நீர்மூழ்கிகள் மிகச் சிலவே என்று கண்டனர். ஆகவே விமானத்தாற் பெரும்பயனில்லை என்ற எண்ணம் பலரிடம் வேரூன்றியது. ஆனால் அதே ஏட்டில் வேறொரு செய்தியும் இருந்தது. போர்க்கப்பலும் விமானமும் சேர்ந்து காவல் சென்ற கப்பற்கூட்டங்களில் இழப்பும் மிகச் சிறிதே. இந்த இரண்டாம் செய்தியைப் போதிய அளவு எவரும் மனத்திற் கொள்ளவில்லை.

இங்கு நம் நாட்டு வழக்கம் ஒன்றை நினைவூட்ட விரும்புகிறேன். தினைப்புனத்திற் பரண் கட்டி, அதன்மேல் இருந்து கிளிகளை ஓட்டுவது நம் முன்னோர் கண்ட காவல். அந்திப் பொழுதில் பரணிலிருந்து இறங்கி வருபவரிடம், ‘இன்று எத்தனை கிளிகளைக் கொன்றாய்?’ என்று யாரேனும் கேட்பதுண்டா? கதிர் வீடு வந்து சேர்ந்ததா என்பதே கேள்வி. கிளியைக் கொல்ல வேண்டுவதில்லை. அது புனத்தில் இறங்காதபடி செய்தாற் போதும். கடற்காவல் விமானத்தின் பயனையும் இவ்வாறே அளக்க வேண்டும்.

ஏன் அவ்வாறு? நீர்மூழ்கிக் கப்பல் என்ற பெயரைக் கேட்டு, அது எப்போதும் நீருக்கடியிலேயே திரிவது என்று எண்ணிவிடாதீர்கள். அக்காலத்து நீர்மூழ்கி, உண்மையில் வேண்டும்போது முழுகத் தெரிந்த ஒரு மேற்பரப்புக் கப்பலே. நீரின்மேல் டீசல் இயந்திரத்தால் ஓடும். அதற்குக் காற்று வேண்டும். நீருக்குள் மின்கலத்தின் வலியால் ஓடும். அம்மின்கலத்தை மீண்டும் ஊட்ட மேலே வந்தே ஆகவேண்டும். மேலே மணிக்கு 17 கடல் மைல் வேகம். உள்ளே மிஞ்சிப் போனால் 7 கடல் மைல். அதுவும் சிறிது நேரந்தான். மின்கலத்தைச் சிக்கனமாகச் செலவிட்டால் 2 முதல் 4 கடல் மைல். வணிகக் கப்பற்கூட்டமோ மணிக்கு 7 முதல் 10 கடல் மைல் வேகத்திற் செல்வது.

இப்போது நீங்களே கணக்கிடுங்கள். மேலே ஓடும் நீர்மூழ்கி கப்பற்கூட்டத்தை எளிதில் முந்திச் சென்று வழியிற் காத்திருக்கும். அதன் தலைக்குமேல் ஒரு விமானம் வட்டமிட்டால் முழுகியாக வேண்டும். முழுகினால் நத்தையாகிவிடும். சில மணி நேரத்திற்குள் கப்பற்கூட்டம் கண்காணா இடத்திற்குப் போய்விடும். விமானி அந்த நீர்மூழ்கியைக் கண்டிருக்கவும் வேண்டியதில்லை. நீர்மூழ்கியில் இருப்பவர் விமானத்தைக் கண்டாலே போதும்.

உயரத்தின் பயனையும் ஒரு சிறு கணக்காற் காட்டலாம். கண்ணின் உயரம் எத்தனை அடியோ அதன் வர்க்கமூலத்தை ஏறத்தாழ ஒன்றேகாலாற் பெருக்கினால், தொடுவானம் எத்தனை மைல் தொலைவில் உள்ளது என்பது கிடைக்கும். நீர்மூழ்கியின் கோபுரத்தில் நிற்பவர் கண் 16 அடி உயரத்தில் இருப்பதாகக் கொள்வோம். அவர் காணும் கடல் 5 மைல். 1,600 அடி உயரத்திற் பறப்பவர் காண்பது 50 மைல். அவ்வளவு தொலைவில் ஒரு சிறு கலம் கண்ணுக்குத் தெரியாது என்பது மெய்தான். எனினும் பரணின் இயல்பு உங்களுக்கு விளங்கியிருக்கும்.

கடலோர விமானப்படை பிரிட்டனில் 1936ஆம் ஆண்டு ‘கோஸ்டல் கமாண்ட்’ என்ற பெயரில் தனிப்பிரிவாக அமைக்கப்பட்டது. போர் தொடங்கியபோது அதன் நிலை இரங்கத்தக்கதாயிருந்தது. பெரும்பாலானவை தொலைவு செல்லவியலாத ஆன்சன் விமானங்கள். சண்டர்லாண்ட் என்னும் பெரிய பறக்கும் படகுகள் மிகச் சில. அவை வீசிய 100 பவுண்டு குண்டின் பெருமையைக் கேளுங்கள். 1939 டிசம்பரில் ஒரு விமானம் தன் நாட்டு நீர்மூழ்கியையே பகைவர் கலம் என்று கருதித் தாக்கிற்று. குண்டு நேராக அதன்மேல் விழுந்தது. சேதம், உள்ளே நான்கு மின்விளக்குகள் உடைந்தமையே!

1940 ஜூனில் பிரான்சு வீழ்ந்தது. அதன் மேற்குக் கரையிலுள்ள துறைமுகங்களிலிருந்தே ஜெர்மன் நீர்மூழ்கிகள் அட்லாண்டிக் மாகடலுக்குள் புகுந்தன. இடுக்கண் முற்றிய இவ்வேளையில் புதிய வகை மனிதர் சிலர் விமானப்படை அலுவலகத்தில் நுழைந்தனர். அவர்கள் படைவீரர்கள் அல்லர்; இயற்பியலாரும் உயிரியலாரும் கணக்கரும் ஆவர். அவர்களுக்குத் தலைவராக 1941 மார்ச்சில் வந்தவர் பாட்ரிக் பிளாக்கெட். பிற்பாடு, 1948இல், இயற்பியலுக்கான நோபெல் பரிசு பெற்றவர். இந்தியா விடுதலை பெற்றபின் நம் அரசுக்கும் பாதுகாப்பு விஞ்ஞானத் துறையில் ஆலோசனை கூறியவர். அக்குழுவினர் புதிய ஆயுதம் எதனையும் கொண்டு வரவில்லை. இருக்கும் ஆயுதத்தைப் பற்றிச் சரியான கேள்விகளைக் கேட்டனர். அவற்றுள் மூன்றை உங்களுக்குச் சொல்கிறேன்.

முதற் கேள்வி ஆழத்தைப் பற்றியது. பழைய குண்டுகளுக்கு மாற்றாக, குறிப்பிட்ட ஆழத்திற் சென்று வெடிக்கும் ஆழ்வெடிகளை விமானங்கள் அப்போது வீசத் தொடங்கியிருந்தன. அவை ஏறத்தாழ 100 அடி ஆழத்தில் வெடிக்குமாறு அமைக்கப்பட்டிருந்தன. விமானத்தைக் கண்ட நீர்மூழ்கி, விமானம் வந்து சேர்வதற்குள் சராசரியாக அவ்வளவு ஆழம் சென்றிருக்கும் என்பது காரணம். வில்லியம்ஸ் என்னும் இயற்பியலறிஞர் இக்காரணத்தை ஆராய்ந்தார். 100 அடி ஆழத்திற்குப் போய்விட்ட நீர்மூழ்கி எப்பக்கம் திரும்பிற்று என்பது விமானிக்குத் தெரியாது. ஆகவே அதனை அடிப்பது குருட்டடி. விமானியின் கண்ணுக்கு இன்னும் புலப்படும் நீர்மூழ்கியோ மேற்பரப்பிலேயே இருக்கிறது, அதனை அடிக்கலாம். ஆனால் வெடியோ அதற்கு வெகு கீழே சென்று வீணே வெடிக்கிறது! ஆகவே 25 அடியில் வெடிக்கச் செய்யுங்கள் என்றார். படிப்படியாக அவ்வாறே செய்தனர். தாக்குதலின் பயன் பல மடங்கு உயர்ந்தது. பிரிட்டிஷார் புதியதொரு கொடிய வெடிமருந்தைக் கண்டுபிடித்துவிட்டனர் என்று சிறைப்பட்ட ஜெர்மன் மாலுமிகள் நம்பினார்களாம். மாறியது மருந்தன்று, ஓர் எண் மட்டுமே. சராசரியைக் கொண்டு முடிவு செய்யுமுன், எவற்றின் சராசரி என்று கேட்க வேண்டும் என்பதை இதனைவிடத் தெளிவாக விளக்கும் எடுத்துக்காட்டு எனக்குத் தெரியாது.

இரண்டாம் கேள்வி நிறத்தைப் பற்றியது. இரவிற் குண்டு வீசுதற்கென்று செய்யப்பட்ட விமானங்கள் கடற்காவலுக்கும் வந்ததால், அவற்றின் அடிப்புறம் கருநிறமாக இருந்தது. இரவுக்குப் பொருந்திய அந்நிறம் பகல் வானத்தின் வெளிச்சத்திற் பளிச்செனத் தெரியும். கடற்பறவைகள் பலவற்றின் வயிறு வெண்மையாக இருப்பதை நீங்கள் கண்டிருப்பீர்கள். வெள்ளை பூசியபின் விமானங்கள் நீர்மூழ்கியின் காவலாளிக்கு முன்னையினும் நெருங்கி வந்த பின்னரே தென்பட்டன. அந்தச் சில விநாடிகளே நீர்மூழ்கி தப்புவதற்கும் தப்பாமைக்கும் இடைப்பட்ட வேறுபாடு.

மூன்றாம் கேள்வி பணிமனையைப் பற்றியது. எப்போதும் பெரும்பாலான விமானங்கள் பறப்பதற்கு ஆயத்தமாக நிற்க வேண்டும் என்பது அக்கால விதி. கேட்பதற்கு நல்ல விதியாகவே தோன்றும். ஆனால் ஆயத்தமாக நிற்கும் விமானம் பறக்கவில்லை. பறக்காததால் பழுதும் வருவதில்லை. பழுதின்மையால் பழுது பார்ப்போர்க்கு வேலையுமில்லை. சிசில் கார்டன் என்னும் உயிரியலறிஞர் விமானம் மிகுதியாகப் பறக்கட்டும், பணிமனை ஓயாது நடக்கட்டும் என்று திட்டம் வகுத்தார். சோதனைக்கு எடுத்துக்கொண்ட அணியில், அதே ஆட்களைக் கொண்டு, பறக்கும் நேரம் ஏறத்தாழ இரு மடங்காயிற்று. ஒரு புதிய விமானமும் வாங்காமல் அணியை இரட்டித்ததற்கு அது சமம்.

பகலில் இவ்வாறு நெருக்குண்ட நீர்மூழ்கிகள் இரவில் மேலே வந்து மின்கலத்தை ஊட்டிக்கொண்டன. அதற்கும் மாற்றுக் கண்டனர். ராடார் கருவியால் இருளில் நெருங்கி, இறுதிக் கட்டத்தில் கண்கூசும் தேடு விளக்கை ஏற்றித் தாக்கும் முறையை லீ என்னும் விமானப்படை அதிகாரி வகுத்தார். 1942 ஜூனில் அவ்விளக்கு முதன்முதலாகப் போரில் ஒளிர்ந்தது. ராடார் அலையை முன்கூட்டி உணரும் கருவியை ஜெர்மானியர் பொருத்தினர். அக்கருவிக்குப் புலப்படாத 10 சென்டிமீட்டர் அலையிலான ராடாரை 1943 தொடக்கத்தில் பிரிட்டிஷார் கொண்டு வந்தனர்.

எனினும் பெருங்குறை ஒன்று எஞ்சியிருந்தது. கனடாப் பக்கத்திலிருந்தும், ஐஸ்லாந்திலிருந்தும், வட அயர்லாந்திலிருந்தும் புறப்பட்ட விமானங்கள் எட்டாத இடைவெளி நடுக்கடலிற் பல நூறு மைல் அகலத்திற்குக் கிடந்தது. புனத்தின் நடுவே பரணில்லாத பகுதி அது. கிளிகள் அங்கேதானே இறங்கும்! நீர்மூழ்கிகள் அவ்விடத்திலேயே திரளாகக் கூடிக் காத்திருந்தன. அவ்விடைவெளியை அடைக்கவல்லது லிபரேட்டர் என்னும் அமெரிக்க விமானம். அதன் கவசங்களிற் சிலவற்றைக் கழற்றி, எரிபொருள் தொட்டிகளைக் கூட்டினால், பதினாறு மணி நேரமும் அதற்கு மேலும் பறக்கும். 1942 டிசம்பர் 8ஆம் நாள் அத்தகைய ஒரு விமானத்தில் பறந்த புல்லக் என்பவர், ஒரே பயணத்தில் எட்டு நீர்மூழ்கிகளைக் கண்டு ஏழின்மீது பாய்ந்தார். அடித்து அழித்தமையினும், அவற்றை முழுகச் செய்து கப்பற்கூட்டத்தைக் கடத்திவிட்டமையே பெரிது. ஆனால் 1943 தொடக்கத்திலும் இவ்வகை நெடுந்தொலைவு விமானங்கள் நடுக்கடற் காவலுக்கு 20க்கும் குறைவாகவே கிடைத்தன.

ஏன் இந்தப் பஞ்சம்? ஜெர்மானிய நகரங்களின்மீது குண்டு வீசுவதற்கே பெரிய விமானங்கள் அனைத்தும் வேண்டும் என்று வலிமை வாய்ந்த தலைவர்கள் வாதிட்டனர். பிளாக்கெட் ஒரு கணக்கை முன்வைத்தார். ஐஸ்லாந்திலிருந்து கடற்காவல் செய்யும் ஒரு விமானம் தன் ஆயுட்காலமாகிய ஏறத்தாழ 30 பயணங்களில் குறைந்தது அரை டஜன் வணிகக் கப்பல்களைக் காப்பாற்றுகிறது. அதே விமானம் பெர்லின்மீது குண்டு வீசினால், 100 டன்னுக்கும் குறைவான குண்டுகளைப் போட்டு, ஆண், பெண், குழந்தை என இருபது இருபத்தைந்து பேரைக் கொன்று, சில வீடுகளை இடிக்கும். எது போர் முயற்சிக்குப் பயன் தருவது என்று கேட்டார். மாணவர்களே, இக்கணக்கின் இரு பக்கங்களையும் உற்று நோக்குங்கள். ஒரு பக்கத்தில் எரியும் நகரம் புகைப்படத்தில் தெரிகிறது. மறுபக்கத்தில் மூழ்காத கப்பலை எவரும் படம் பிடிப்பதில்லை. கண்ணுக்குத் தெரிந்ததே நெடுங்காலம் வாதத்தில் வென்றது.

அதற்குரிய விலை 1943 மார்ச்சில் கொடுக்கப்பட்டது. நியூயார்க்கிலிருந்து புறப்பட்ட இரண்டு கப்பற்கூட்டங்களை நடுக்கடலில் ஏறத்தாழ 40 நீர்மூழ்கிகள் சூழ்ந்தன. 22 வணிகக் கப்பல்கள் மூழ்கின. அவற்றில் இருந்த மாலுமிகளிற் பலர் பனிநீரில் மாண்டனர். இதன்பின் தயக்கம் நீங்கிற்று. லிபரேட்டர்கள் வந்தன, விமானந்தாங்கிய சிறு காவற் கப்பல்களும் உடன் வந்தன. பகைவரின் மறைமொழிச் செய்திகளைப் படித்தறிந்தோரும், துணைப் போர்க்கப்பல் அணிகளும் ஆற்றிய பங்கும் பெரிது. விமானம் மட்டுமே வென்றது என்று கூறுவது நேர்மையாகாது. எனினும் மே மாதத்தில் 33 நீர்மூழ்கிகள் சூழ வந்தும், ஐஸ்லாந்திலிருந்து வந்த லிபரேட்டர்கள் வட்டமிட, எஸ்.சி. 130 என்ற கப்பற்கூட்டம் ஒரு கப்பலையும் இழவாமற் கரை சேர்ந்தது. அம்மாதத்தில் மட்டும் ஜெர்மனி 41 நீர்மூழ்கிகளை இழந்தது. மே 24ஆம் நாள் அவற்றின் தலைவர் டோனிட்ஸ் வட அட்லாண்டிக் வழிகளிலிருந்து தம் கலங்களை விலகச் செய்தார். இரண்டே மாதங்களில் நிகழ்ந்த மாற்றம் இது.

அட்லாண்டிக் கடல் நமக்கு வெகு தொலைவிலுள்ளது. ஆனால் இத்தகைய காவல் நம் கடலிலும் நடந்ததுண்டு. போரின் தொடக்க ஆண்டுகளிலேயே சென்னை, பம்பாய், கல்கத்தா, கராச்சி முதலிய துறைமுகங்களில் இந்தியத் தொண்டர் விமானிகளைக் கொண்ட கடற்கரைக் காவல் அணிகள் பழைய விமானங்களுடன் பணியாற்றின. 1942 ஏப்ரல் 4ஆம் நாள் இலங்கையின் தென்கோடியிலுள்ள கொக்கலையிலிருந்து காட்டலினா என்னும் பறக்கும் படகு ஒன்று புறப்பட்டது. அதன் தலைவர் லெனார்ட் பர்ச்சால் என்ற கனடா நாட்டவர். மாலைப் பொழுதில், திரும்ப வேண்டிய வேளையில், தெற்கே தொடுவானத்தில் சில புள்ளிகளைக் கண்டார். நெருங்கிப் பார்த்தபோது ஜப்பானியரின் பெருங்கடற்படை இலங்கையை நோக்கி வருவது தெரிந்தது. வானொலிச் செய்தியை அனுப்பிக்கொண்டிருக்கும்போதே அவர் விமானம் சுட்டு வீழ்த்தப்பட்டது. ஒன்பதின்மரில் மூவர் மாண்டனர். அறுவர் 1945 வரை சிறையில் வாடினர்.

அச்செய்தி வந்ததால் கொழும்புத் துறைமுகத்தில் நின்ற கப்பல்களிற் பெரும்பாலானவை மறுநாள் தாக்குதலுக்கு முன்பே கடலிற் கலைந்து சென்றன. காவல் விமானங்கள் போதாத வங்கக் கடலிலோ, அடுத்த சில நாட்களில் ஏறத்தாழ 20 வணிகக் கப்பல்கள் மூழ்கின. சென்னை நகரத்தார் பல்லாயிரக்கணக்கில் மூட்டை முடிச்சுகளுடன் உள்ளூர்களுக்குச் சென்றதும் அந்த ஏப்ரலில்தான். அதன் பின்னரே நம் செங்குன்றம் ஏரியிலும் காட்டலினாக்கள் வந்து இறங்கின. குடிநீர் ஏரி கடற்காவலுக்குத் தளமாயிற்று.

போர் முடிந்ததும் பிரிட்டிஷார் பல லிபரேட்டர் விமானங்களைப் பிறர் பயன்படுத்தவியலாதபடி சிதைத்துக் கான்பூரில் விட்டுச் சென்றனர். பெங்களூர் விமானத் தொழிற்சாலையின் பொறியாளர்கள் அவற்றிற் பலவற்றுக்கு 1948 முதல் மீண்டும் உயிரூட்டினர். 1968 வரை அவை நம் விமானப் படையில் உழைத்தன, கடலையும் காத்தன. 1992இல் அரக்கோணத்தில் திறக்கப்பட்ட கடற்படை விமானத்தளமாகிய ராஜாளியிலிருந்து, 2013 முதல் பி-8ஐ என்னும் நெடுந்தொலைவு விமானங்கள் அப்பணியைத் தொடர்கின்றன.

போரை நான் புகழ வரவில்லை. நீர்மூழ்கிகளிற் சென்ற ஜெர்மன் மாலுமிகளில் ஏறத்தாழ நான்கில் மூன்று பங்கினர் கரை திரும்பவில்லை, அவர்களும் இளைஞர்களே. பிரிட்டிஷ் வணிகக் கப்பல்களின் அடுப்பறையில் நிலக்கரி தள்ளிய இந்தியத் தொழிலாளர் ஆயிரக்கணக்கில் உயிரிழந்தனர். அவர்கள் எவருடைய பகைவரும் அல்லர். இத்துணை இழப்புக்கிடையே, காப்பதையே தொழிலாகக் கொண்ட ஒரு பணியும் நடந்தது என்பதை நீங்கள் அறிய வேண்டும்.

நாளை நீங்கள் மருத்துவராகவோ, பொறியாளராகவோ, ஆட்சிப் பணியாளராகவோ ஆவீர்கள். நோய் வாராமற் செய்த தடுப்பூசி, உடையாமல் நின்ற ஏரிக்கரை, மோதாமற் சென்ற இரயில் ஆகியவற்றின் கணக்கு உங்கள் கைக்கு வரும். அக்கணக்கேட்டில் ‘நிகழ்ந்தவை: ஏதுமில்லை’ என்று எழுதியிருக்கும். அதனைக் கண்டு, இங்கே வேலை நடக்கவில்லை, ஆட்களைக் குறைக்கலாம் என்று எழுதிவிடாதீர்கள். பிளாக்கெட்டைப் போல் ஒரு கேள்வி கேளுங்கள்: இக்காவல் இல்லாத இடத்தில் என்ன நிகழ்ந்தது? அதற்கு விடை கண்டபின் எழுதுகோலை எடுங்கள்.